மூன்றாம் கேள்வி

பெயரைக் கேட்டான். உலகாயி என்றாள்.

ஊரைக் கேட்டான். கூனம்பாடி.

இரண்டையும் பரங்கி பாஷையில் சொன்னான். மேசைக்குப் பின்னால் உட்கார்ந்திருந்த எழுத்தன் எழுதிக்கொண்டான்.

மூன்றாவது கேள்விதான் மிச்சம்.

"கப்பல்ல போக சம்மதமா?"

அவள் தரையைப் பார்த்தபடி பேசினாள்.

"நான் வரலீங்க சாமி. கஞ்சி ஊத்துறாங்கன்னாங்க, அதான் வந்தேன். எங்க வூட்டுக்காரரு நெல்லு தேடி மேக்கால போயிருக்காரு. திரும்பி வர்றப்ப நான் இருக்கணும்."

எழுத்தன் இறகுப் பேனாவை மையில் தோய்த்துவிட்டு நிமிர்ந்தான்.

கேள்வி கேட்டவன் துபாஷி. பதினோரு வருடமாக அந்தப் பண்டசாலையில் அவனுக்கு அதுதான் வேலை. இந்தப் பக்கம் கேட்டதை அந்தப் பக்கம் சொல்வது.

மழை பொய்த்து மூன்று வருடமாகியிருந்தது. ஊர்களில் தறிகள் நின்றுபோயின. நீலத் துணிக் கட்டுகள் கூரைவரை அடுக்கியிருக்க வேண்டிய கிடங்கில் எலிகூட இல்லை. கப்பலோ கரைக்கு எதிரே நங்கூரமிட்டுக் காத்திருந்தது. காலியாகத் திரும்பக் கூடாது என்பது மேலிடத்து உத்தரவு. கடலுக்கு அப்பால் ஜாதிக்காய்த் தோட்டங்களுக்கு ஆள் வேண்டும்.

துணி ஏற வேண்டிய இடத்தில் ஆட்கள் ஏறினார்கள்.

அதற்கும் ஒரு சட்டம் வைத்திருந்தார்கள். யாரையும் கட்டாயப்படுத்தக் கூடாது. அவரவர் பாஷையில் கேட்டு எழுத வேண்டும்.

அன்று காலையில் ஐந்து பேர் கப்பலுக்கு வரமாட்டோம் என்றிருந்தார்கள். ஐந்தையும் உள்ளபடியே சொன்னான். ஐந்தாவது ஆள் போனதும் எழுத்தன் பேனாவைக் கீழே வைத்தான்.

"உனக்குப் பாஷை மறந்துவிட்டதா?" என்றான்.

துபாஷியின் வீட்டில் நான்கு பேர். பண்டசாலை அரிசியில்தான் அடுப்பு எரிந்தது.

"வருகிறேன் என்கிறாள்" என்றான்.

பேனா நகர்ந்தது.

தான் சொன்னதை அவன் சொல்லிவிட்டான் என்று உலகாயி நினைத்தாள். கையெடுத்துக் கும்பிட்டாள்.

"நல்லா இருங்க சாமி."

காவலன் அவள் தோளைத் தொட்டு இடதுபக்கம் திருப்பினான். அந்தப் பக்கம் படகுத் துறை. நாலடி நடந்த பிறகுதான் அவளுக்கு விளங்கியது. திரும்பிக் கூப்பிட்டாள். குரலில் கோபமில்லை.

"சாமி, இவரு தப்பா கூட்டிட்டுப் போறாரு. கொஞ்சம் சொல்லுங்க."

அவன் அடுத்தவரிடம் பெயரைக் கேட்டான்.

கப்பலில் அவளுக்குச் சோறு கிடைக்கும். இங்கே இருந்தால் பத்து நாள் தாங்கமாட்டாள். வீட்டுக்குப் போகும் வழியெல்லாம் இதையே சொல்லிக்கொண்டான். பொய்யில்லை. ஆனாலும் இலையில் போட்ட சோற்றைப் பிசைந்தபடியே உட்கார்ந்திருந்தான்.

பத்தொன்பதாம் நாள் அவள் புருஷன் வந்தான்.

தலையில் சிறு மூட்டை. காலெல்லாம் வெடிப்பு. சோணாசலம். துபாஷிக்குத் தெரிந்த நெசவாளிதான். அவன் கொண்டுவந்த துணியில் குற்றம் சொல்லி ஒரு முறைகூடத் திருப்பி அனுப்பியதில்லை.

"உலகாயின்னு... கஞ்சிக்கு வந்தாளாம். பாத்தீங்களா சாமி?"

"கப்பல்ல போயிட்டா."

சோணாசலம் மூட்டையை இறக்கி வைத்தான். நெல்.

"அவளாவா போனா?"

வாசலில் காவலர்கள் நின்றிருந்தார்கள். அவர்களுக்குத் தமிழ் தெரியாது. உண்மையைச் சொல்லியிருக்கலாம். யாரும் தடுத்திருக்க மாட்டார்கள்.

"ஆமா" என்றான் துபாஷி. "அவளாத்தான் கேட்டுப் போனா."

சோணாசலம் கடல் பக்கம் திரும்பினான். பிறகு மனைவிக்காக மன்னிப்புக் கேட்பவன்போல மெல்லச் சொன்னான்.

"பசி தாங்கமாட்டா சாமி."

நெல்லைக் கஞ்சி வரிசையில் இருந்தவர்களிடம் கொடுத்துவிட்டான். மறுநாள் காலை வேறொரு வரிசையில் நின்றான். மேசைக்கு முன்னால்.

புதிய கப்பல் வந்திருந்தது. உலகாயி ஏறிய கப்பலைப்போல அது கிழக்கே ஜாதிக்காய்த் தீவுகளுக்குப் போகவில்லை. மேற்கே, மாதக்கணக்கில் போய் ஆப்பிரிக்காவின் தென்கோடியை அடையும்.

துபாஷி குனிந்து தாழ்ந்த குரலில் சொன்னான்.

"இது அவ போன பக்கம் போவாது. வேற தேசம். திரும்பிப் போயிடு."

"கடலுக்கு அந்தப் பக்கந்தானே சாமி? விசாரிச்சுக்கிட்டே போயிடுவேன்."

ஊர் ஊராக நூலுக்கு அலைந்தவன். வழி கேட்டு எங்கும் போகத் தெரிந்தவன்.

துபாஷி முடிவு செய்துவிட்டான். இவன் என்ன சொன்னாலும் சரி, வரமாட்டேன் என்கிறான் என்று எழுத்தனிடம் சொல்லிவிட வேண்டும். அரிசி நின்றால் நிற்கட்டும்.

பெயரைக் கேட்டான். ஊரைக் கேட்டான். சொன்னான்.

"கப்பல்ல போக சம்மதமா?"

"சம்மதம்."

துபாஷி எழுத்தன் பக்கம் திரும்பி வாயைத் திறந்தான்.

எழுத்தன் கையை உயர்த்தினான். வேண்டாம் என்பதுபோல. பேனா ஏற்கெனவே ஓடிக்கொண்டிருந்தது. எழுதி முடித்துத் தலையை நிமிர்த்தியபோது அவன் முகத்தில் சிரிப்பு.

"சம்மதம்" என்றான் தமிழில். நிறுத்தி, நிதானமாக.

பிறகு தன் பாஷையில் துபாஷியைக் கேட்டான். "நான் சொல்வது சரியா?"

சரியாகத்தான் இருந்தது.