டிராயரில் வியர்த்த பேட்ஜ்

மூக்கண்டப்பள்ளியில் உள்ள அந்த வார்ப்பட ஆலையில், இரும்புக்குள் விரிசல் இருக்கிறதா என்று பார்க்கக் காமா கதிரைப் பாய்ச்சிப் படமெடுப்பார்கள். எடுப்பவர் சட்டையில் ஒரு பேட்ஜ் குத்தியிருக்க வேண்டும். உடம்பில் படும் கதிர், பேட்ஜுக்குள் இருக்கும் சின்ன வில்லைகளிலும் படும். ஆய்வகத்தில் சூடாக்கினால், வாங்கிய அளவுக்கு அவை ஒளிரும். அளவு மிஞ்சினால் அந்த ஆளை வேலையிலிருந்து விலக்கிவிட வேண்டும்.

ஆளை விலக்கினால் வேலை நின்றுவிடும். அதனால் சூப்பர்வைசர் கோதண்டம் பேட்ஜைக் கழற்றி வாங்கித் தன் டிராயரில் பூட்டிவிடுவான்.

"கையெல்லாம் கொப்பளமா வருதுங்க சார். இன்னிக்காவது பேட்ஜ் போட்டுக்கறேன்" என்றான் படமெடுக்கும் அன்புமணி.

"வடைச் சட்டியில கைய விட்டிருப்ப. போய் வேலையப் பாருடா."

அன்று மாலை டிராயரைத் திறந்தபோது அன்புமணியின் பேட்ஜ் வியர்வையில் நனைந்திருந்தது. கோதண்டம் அதைக் கைக்குட்டையால் துடைத்து வைத்தான். மறுநாள் அது பிசுபிசுத்தது. அதன் பிளாஸ்டிக் மேல் ஒரு கொப்புளம் எழும்பியிருந்தது.

அன்புமணியைப் பெங்களூரு ஆஸ்பத்திரியில் சேர்த்தார்கள். ஆய்வகத்துக்கு அனுப்புவதற்காகக் கோதண்டம் பேட்ஜை எடுத்தான். அது டிராயரோடு ஒட்டியிருந்தது. இழுத்ததும் பின்புறத்தில் ஈரத்தோல் உரிந்து வந்தது. தோலை ஸ்கேலால் சுரண்டிக் குப்பையில் போட்டான். விரலைப் பேன்ட்டில் துடைத்துக்கொண்டு, புதிதாகச் சேர்ந்த முத்துக்குமாரைக் கூப்பிட்டான்.

"பேட்ஜக் கழட்டிக் குடுத்துட்டுப் போ."

அதை அதே இடத்தில் வைத்தான். டிராயரை மூடுவதற்குள் அது வியர்க்கத் தொடங்கியது.