துருவின் ஐந்து ஆல்பங்கள்

'துரு' இசைக்குழுவின் முதல் ஆல்பத்தில் இருப்பது தணிகாசலத்தின் அலறல். அவன் வேலை பார்த்த பட்டறையில், தகடு வெட்டும் பவர் பிரஸ் அடிக்கும் சத்தத்தை அவர்கள் பதிவுசெய்துகொண்டிருந்தபோதுதான் அவனுடைய மூன்று விரல்கள் போயின. மைக்கை நிறுத்த யாருக்கும் தோன்றவில்லை. அன்று விபத்தே நடக்கவில்லை என்று முதலாளி எழுதிக் கொடுத்தார். அலறியது நான்தான் என்று பாடகன் ஜெரோம் பேட்டி கொடுத்தான். இரண்டாவது ஆல்பத்தில் அந்த அலறலைத் துண்டு துண்டாக வெட்டித் தாளமாக்கினார்கள். மூன்றாவதில் ஜெரோம் தானே அலறிப் பார்த்தான்; பல்வலிக்காரன் முனகுவதுபோல் இருந்தது. நான்காவதில் பிரஸ்ஸே இல்லை, வயலின் வந்துவிட்டது. கையைப் பார்த்து யாராவது என்ன ஆச்சு என்று கேட்டால், தணிகாசலம் போனை எடுத்து முதல் ஆல்பத்தின் மூன்றாம் நிமிடத்தைப் போட்டுக் காட்டுவான்.

இருபது வருடம் கழித்து அதே முதல் ஆல்பத்தைச் சுத்தம் செய்து ஐந்தாவதாக வெளியிட்டார்கள். ஜெரோம் வீடு தேடி வந்து, தணிகாசலத்தின் காதில் ஹெட்போனை மாட்டினான்.

"என் சத்தம் எங்கப்பா?"

"எடுத்துட்டோம்ண்ணே. உங்க வலிய வித்து எத்தன நாளைக்குப் பொழைக்கிறது? மனசு கேக்கல. பழசையும் எல்லா எடத்துலயும் தூக்கிட்டோம். இனிமே இது மட்டுந்தான்."

தணிகாசலம் பழக்கப்பட்ட இடத்துக்கு நகர்த்தி மறுபடியும் கேட்டான். மூன்றாம் நிமிடத்தில் பிரஸ் இறங்கியது. யாருக்கும் எதுவும் ஆகவில்லை.