காய்ச்சாத தண்ணீர்

"இந்த ஊர்ல எவனும் தண்ணியைக் காய்ச்சியே குடிக்க மாட்டீங்களா?"

மாப்பிள்ளையின் அப்பா முத்துக்கிருஷ்ணன் போட்ட சத்தத்தில் பந்தலே திரும்பிப் பார்த்தது.

சிலமலையில் அன்றைக்குப் பத்தரை மணிக்கு நிச்சயதார்த்தம். இப்போது மணி எட்டு. முந்தின நாள் சாயங்காலம் சென்னையில் இருந்து வேனில் வந்து இறங்கிய மாப்பிள்ளை வீட்டார் எட்டுப் பேருக்கும் விடியற்காலையில் இருந்து வயிற்றுப்போக்கு. மாப்பிள்ளையே நாலு தடவை போய்விட்டு வந்து சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றான்.

"சமையல்காரனைக் கூப்பிடுங்கய்யா!"

வீரணன் கையைத் துண்டில் துடைத்துக்கொண்டே வந்தார். சுற்றுவட்டாரத்தில் என்ன விசேஷம் என்றாலும் அவர் சமையல்தான்.

"ராத்திரி என்னத்தைப் போட்ட எங்களுக்கு?"

"இட்லி, சட்னி, சாம்பாருங்கய்யா. குடிக்கிற தண்ணி அண்டாவுல கொதிக்க வச்சு ஆத்துனது. பொண்ணு வீட்டுல நாப்பது பேரு அதையேதான் சாப்பிட்டாங்க. யாருக்கும் ஒண்ணும் பண்ணலையே."

"அப்ப நாங்க நடிக்கிறோமா?"

"அவங்களுக்கு இந்தத் தண்ணி பழகிப் போயிருக்கும். எங்களுக்கு ஒத்துக்குமா?" மாப்பிள்ளையின் அம்மா சுகன்யா குறுக்கிட்டார். "மொதல்ல, கையைக் கழுவிட்டுத்தான் சமைச்சீங்களா?"

வீரணன் துண்டை இடுப்பில் இறுக்கிக் கட்டினார்.

பெண்ணின் அப்பா பேச்சிமுத்து ஓடி வந்தார். "சம்பந்தி, கொஞ்சம் பொறுங்க. போடிமெட்டுல இருந்து ரெண்டு ஜீப்பு நிறைய ஏலத்தோட்டத்து ஆளுங்க விசேஷத்துக்கு வந்து இறங்கிட்டாங்க. இந்த நேரத்துல..."

"யாருய்யா சம்பந்தி? வந்தவங்களுக்கு ஒரு வேளை ஒழுங்கா சோறு போடத் தெரியல. இங்கயா பொண்ணு எடுக்கணும்? டிரைவர், வண்டியை எடுப்பா!"

வாசல் நிலையைப் பிடித்தபடி நின்ற பெண் தமிழினி, பாதி கட்டிய பட்டுச் சேலையோடு உள்ளே போய்விட்டாள்.

அந்த நேரத்தில்தான் கொல்லைப் பக்கம் தொப்பென்று சத்தம் கேட்டது. மாப்பிள்ளையின் தங்கை ரோஜா மயங்கி விழுந்து கிடந்தாள்.

வேனை எடுக்க முடியாமல் இரண்டு ஜீப்பும் மறித்து நின்றன. வீரணன் பாத்திரம் ஏற்றி வந்த லோடு ஆட்டோதான் ரோட்டோரம் நின்றது.

"தாயி, புள்ளையைத் தூக்குங்க, வெரசா!" என்றார் வீரணன்.

சுகன்யா மகளை மடியில் போட்டுக்கொண்டு ஏறினார். பத்து நிமிஷத்தில் போடியில் ஒரு சின்ன ஆஸ்பத்திரி வாசலில் ஆட்டோவை நிறுத்தினார் வீரணன்.

ரோஜாவுக்குக் குளுக்கோஸ் ஏறியது. டாக்டரம்மா சுகன்யாவைத் திரைக்கு அந்தப் பக்கம் கூப்பிட்டு ரொம்ப நேரம் விசாரித்தார். வாங்கி வந்த உப்புச் சர்க்கரைக் கரைசல் பாக்கெட்டுகளோடு வீரணன் இந்தப் பக்கம் நின்றார்.

வெளியே வந்த சுகன்யாவின் முகம் வெளுத்திருந்தது.

ஒரு மணி நேரத்தில் ரோஜா எழுந்து உட்கார்ந்தாள். வீரணன் அவர்களை ஏற்றிக்கொண்டு சிலமலைக்குத் திரும்பினார்.

முத்துக்கிருஷ்ணன் வேன் பக்கத்திலேயே காத்திருந்தார். அவரைச் சுற்றிப் பெரிய கூட்டம்.

"டாக்டர் என்ன சொன்னாங்க?"

சுகன்யா ரோஜாவை இறக்கிவிடக் குனிந்துகொண்டார்.

"சொல்லுடி. தண்ணிதானே?"

வீரணன் முன்னால் வந்து கையைக் கூப்பினார்.

"தண்ணிதான்யா. கடைசியா உங்க பந்திக்குன்னு அரைச்ச சட்னியில அவசரத்துல பச்சைத் தண்ணியை ஊத்திட்டேன். காலையில சொல்லப் பயந்துக்கிட்டு மறைச்சுட்டேன். பொண்ணு வீட்டுக்காரங்க மேல ஒரு தப்பும் இல்ல. வையுறதுன்னா என்னைய வைங்க."

பேச்சிமுத்து பாய்ந்து அவர் சட்டையைப் பிடித்தார். "பாவி, எம்மக வாழ்க்கையில விளையாடிட்டியே! இனிமே இந்தப் பக்கம் எவன் உன்னையக் கரண்டி பிடிக்க விடுறான்னு பாக்குறேன்!"

யார் யாரோ ஏசினார்கள். ஒருவர் கையையே ஓங்கிவிட்டார். வீரணன் தலையைத் தூக்கவில்லை.

தப்பு செய்த ஆள் கிடைத்துவிட்டதில் முத்துக்கிருஷ்ணனுக்குக் கோபம் இறங்கியது. "சரி, நேரமாகுது. ஆரம்பிங்க."

எல்லோரும் பந்தலுக்குள் போனதும் சுகன்யா சமையல் கொட்டகைக்கு வந்தார். வீரணன் தன் பாத்திரங்களை ஆட்டோவில் ஏற்றிக்கொண்டிருந்தார்.

"திரைக்குப் பின்னாடிதானே நின்னீங்க? டாக்டர் சொன்னது கேட்டுச்சுல்ல?"

"கேட்டுச்சு தாயி."

"அப்புறம் ஏன் இப்படிப் பண்ணீங்க?"

வீரணன் கையில் இருந்த தவலையைக் கீழே வைத்தார்.

"தமிழினிப் புள்ள உங்ககிட்டதான் தாயி வந்து வாழப்போகுது. இத்தனை பேரு முன்னாடி இன்னைக்கு நீங்க தலைகுனிஞ்சு நின்னா, நாளைக்கு அது மூஞ்சியைப் பாக்குறப்பல்லாம் உங்களுக்கு அதுதானே ஞாபகம் வரும்? எனக்கென்ன, தேவாரம் ஊருப் பக்கம் போய்ப் பிழைச்சுக்குவேன்."

சுகன்யா சேலைத் தலைப்பை இழுத்துச் செருகினார். பிறகு விறுவிறுவென்று பந்தலுக்குள் நடந்தார்.

அங்கே தட்டு மாற்றப் போகிற நேரம்.

"ஒரு நிமிஷம்."

பேச்சு நின்றது. முத்துக்கிருஷ்ணன் முறைத்தார். சுகன்யா அவரைப் பார்க்கவில்லை. நேராகப் போய்த் தமிழினியின் கையைப் பிடித்துக்கொண்டார்.

"உங்க வீட்டுத் தண்ணியிலயும் கோளாறு இல்ல, அந்த மனுஷன் சட்னியிலயும் கோளாறு இல்லம்மா. ஊர்த் தண்ணி ஒத்துக்காதுன்னு பயந்து, கிளம்புறதுக்கு முந்தின நாள்ல இருந்து எந்த டாக்டரையும் கேக்காம எல்லாருக்கும் நானே ஆன்டிபயாடிக் குடுத்தேன். வயித்தைக் கெடுத்தது அந்த மாத்திரைதான்!"