குயிக்கில் நின்ற முள்

அப்பாவுக்கு அநியாயம் நடந்துகொண்டிருந்தது. செய்தது, சாட்சாத் அம்மா!

லாரி பட்டறை கிரீஸில் முக்குளித்த அவருடைய சட்டைகள், ஞாயிற்றுக்கிழமை காலையில் வாஷிங் மெஷினுக்குள் போகும். அதே கிரீஸோடு வெளியே வரும். அப்புறம் மனுஷர் கொல்லைக் குழாயடியில் உட்கார்ந்து பிரஷ்ஷால் தேய்ப்பார். அம்மா பக்கத்தில் இருந்து தண்ணீர் ஊற்றுவாள்.

லீவுக்கு வந்திருந்த மகளுக்குப் பொறுக்கவில்லை. வீட்டில் அவளுக்குப் பட்டப்பெயரே ‘வக்கீலம்மா’தான்.

“அம்மா, இவ்வளவு அழுக்குக்கு ‘ஹெவி’ல வைக்கணும்னு எத்தனை தடவை சொல்றது? ‘குயிக்’ல வைச்சா சும்மா அலசித் துப்பிடும். கிரீஸ் எப்படிப் போகும்?”

“ஹெவியிலதான்டி வைச்சேன்.”

“பொய்! பாரு, முள்ளு குயிக்ல நிக்குது. வாரம் முழுக்க உழைக்கிற மனுஷனுக்கு ஒருநாள் ஓய்வு வேண்டாமா? இன்னிக்கு நானே போடறேன். இனிமே அப்பா அந்தப் பிரஷ்ஷைத் தொடவே கூடாது!”

“போடு தாயே!” அம்மா கொல்லைப்பக்கம் போய்விட்டாள்.

ஹெவியில் வைத்துவிட்டுப் போன மகள், ஒரு துண்டையும் போட மறந்த ஞாபகத்தில் திரும்பி வந்தவள், அறை வாசலிலேயே நின்றாள். அப்பா! அக்கம்பக்கம் பார்த்தபடி மெஷினை நிறுத்தி, முள்ளைத் திருப்பிக்கொண்டிருந்தார்.

“அப்பா!”

“ஷ்ஷ்… கத்தாதே வக்கீலம்மா.”

“அப்ப, இத்தனை நாளும் நீங்கதானா? அம்மா என்கிட்ட திட்டு வாங்கினப்ப வாயே திறக்கலையே!”

அப்பா நெளிந்தார்.

“கல்யாணமான புதுசுல வீடு நிறைய ஆளுங்க. உங்கம்மாகூட மனசுவிட்டுப் பேசக் குழாயடியை விட்டா இடம் ஏது? அழுக்குத்துணி இருந்தாத்தானே அங்கே வருவா? நல்லா இருக்கிற சட்டையிலகூட நானே கிரீஸைத் தடவிட்டு வருவேன். நான் தேய்க்க, அவ தண்ணி ஊத்த… உன்னைப் பெரிய படிப்பு படிக்க வைக்கிறதுன்னு அங்கதான் முடிவாச்சு. இந்த மெஷின் வந்துச்சு, பேச்சு நின்னு போச்சு. அம்மாகிட்ட சொல்லிடாதேம்மா.”

மகளின் கோபம் தீரவில்லை. கட்சி மட்டும் மாறியிருந்தது, இப்போது அம்மாவுக்காக. விடுவிடுவென்று கொல்லைக்கு நடந்தாள்.

அங்கே வாளி நிரம்பிக்கொண்டிருந்தது. பிரஷ் தயார். எதிரெதிரே இரண்டு முக்காலி. ஒன்றில் அம்மா.

“என்னம்மா இது? நான்தான் ஹெவியில வைச்சேனே!”

அம்மா குழாயை மூடினாள்.

“நீ வைச்சேடி. அவர் திருப்பியிருப்பாருல்ல!”