முகூர்த்தத்தைப் பிடித்துவைத்த மெஷின்

நட்சத்திரங்களின் சக்தியை இழுத்து, ஓர் ஊரின் நேரத்தை அப்படியே நிறுத்திவைக்கும் மெஷினைக் கித்துல்கல தோட்டத்துச் சன்னாசி வாடகைக்கு எடுத்தார். மகள் பிரேமலதாவின் முகூர்த்தம் தவறக்கூடாதே!

நல்ல நேரம் நகராமல் நின்றது. மாப்பிள்ளைதான் வரவில்லை. பந்தி மூன்று முறை முடிந்தது. காத்திருந்த ஐயருக்குத் தாடி இடுப்புவரை வளர்ந்துவிட்டது.

சன்னாசி எரிச்சலோடு சம்பந்திக்குப் போனில் கோல் எடுத்தார்.

"எங்கங்க இருக்கீங்க?"

"கரவனெல்லயில, வீட்டுலதாங்க. லேட்டாகக் கூடாதுன்னு நாங்களும் ஒரு மெஷின் எடுத்தோம். அவசரத்துல ராகுகாலம் முடியிறதுக்குள்ள சுவிட்சப் போட்டுட்டோம். இப்ப அது முடியவே மாட்டேங்குது. வாசப்படி தாண்ட முடியலைங்க!"

"அட, அத நிப்பாட்டித் தொலைங்களேன்!"

"ராகுகாலத்துல மறுபடியும் அதுல கை வைக்கிறதா? நல்ல நேரம் பொறக்கட்டும்ங்க, மொத வேலையா நிப்பாட்டிடுறோம்!"