பேராசிரியரின் கையெழுத்து

"நீங்களா சார் வேண்டாம்னு சொல்றீங்க?"

தலைமை எழுத்தர் அம்மா வாயைப் பிளந்தார். பின்னே? மாற்றுத்திறனாளிகளின் வேலை உரிமைக்காகவும் தொழிலாளர் வரலாற்றுக்காகவும் நான்கு தடித்தடிப் புத்தகங்கள் எழுதிய பேராசிரியர். அவருடைய ஆராய்ச்சி நிலையத்துக்கே பார்வையில்லாத ஒரு பெண் உதவியாளர் வேலை கேட்டு வந்தால், மனிதர் பின்வாங்குகிறாரே!

"தேர்வுல அவங்கதான் சார் முதல்."

"இருக்கலாம்மா. இங்க பூரா பழைய தொழிற்சங்கக் காகிதம். சரிப்பட்டு வராது."

"அதையெல்லாம் கம்ப்யூட்டரே வாசிச்சுச் சொல்லுது சார். நேத்து நம்ம முன்னாடியே செஞ்சு காட்டினாங்களே!"

பேராசிரியர் மேசைமேல் இருந்த கோப்பை மூடி வைத்தார்.

சரிப்பட்டு வராதது காகிதம் இல்லை, அவருடைய கண். ஒன்றரை வருடமாக எழுத்துகள் மங்கி மங்கி, இப்போது பக்கம் முழுக்க வெறும் சாம்பல் நிறம்தான். மனைவியைத் தவிர யாருக்கும் தெரியாது. வீட்டில் அவள் வாசிப்பாள். இவர் மனப்பாடம் செய்துகொண்டு வந்து கூட்டங்களில் வெளுத்து வாங்குவார்.

நேற்று இவர் அவளுடைய விண்ணப்பத்தை வாசிப்பதுபோல் பிடித்துக்கொண்டிருந்தபோது, அந்தப் பெண், "என்ன சார், ரொம்ப நேரமா பக்கம் புரட்டுற சத்தமே காணோம்?" என்று சாதாரணமாகத்தான் கேட்டாள். அதிலிருந்து இவருக்கு ஒரே பயம். பக்கத்தில் உட்கார்ந்தால் ஒரே வாரத்தில் கண்டுபிடித்துவிடுவாள். அப்புறம்? 'பாவம் மனுஷன்' என்று ஒரு பாராட்டு விழா நடத்தி வீட்டுக்கு அனுப்பிவிடுவார்கள்.

"வேண்டாம்னா வேண்டாம்மா. இடமில்லைன்னு லெட்டர் அடிச்சுக் கொண்டாங்க. கையெழுத்துப் போட்டுடறேன்."

அந்த அம்மா தன் மேசைக்குப் போனார். பத்து நிமிடத்தில் காகிதம் வந்தது.

பேராசிரியர் மூக்குக் கண்ணாடியைச் சரிசெய்து, புருவத்தைச் சுருக்கி, வரிக்கு வரி தலையசைத்தார். வழக்கம்போல அந்த அம்மா விரல் வைத்த இடத்தில் கையெழுத்துப் போட்டார். போன உயிர் திரும்பி வந்தது.

"அந்தப் பொண்ணு மனசு நோகாம சொல்லிடுங்கம்மா."

"திங்கட்கிழமை ஒன்பது மணிக்கு வரச் சொல்லிடறேன் சார்."

"எதுக்கு?"

"வேலைக்கு."

பேராசிரியர் பதறி எழுந்தார். "அப்போ நான் இப்ப கையெழுத்துப் போட்டது..."

"நியமன உத்தரவுல சார்."

"யாரைக் கேட்டு அதை அடிச்சீங்க?"

அந்த அம்மா போய்க் கதவைச் சாத்திவிட்டு வந்தார். குரலில் கோபமே இல்லை.

"படிச்சுப் பார்த்துட்டுத்தானே சார் போட்டீங்க?"