கடலில் குதிக்கும் காட்சி

மகள் பிறப்பதற்கு முன்பே பார்வை போய்விட்ட சோங்கில்லை, தங்கை மல்சூன் கைபிடித்துத் திரையரங்குக்கு அழைத்து வந்தாள். மகள் யன்ஹீ நடித்த முதல் படம் அது. தந்தைக்குக் கண் தெரிய வேண்டுமென்று கடலுக்குத் தன்னைப் பலி கொடுக்கும் பெண்ணின் கதை. அந்தக் காட்சியைப் படமாக்கியபோது, படகிலிருந்து குதித்த யன்ஹீ மேலே வரவே இல்லை. உடலும் கிடைக்கவில்லை. அந்தக் காட்சியை அப்படியே வைத்து, அவள் சாயலில் இருந்த இன்னொருத்தியை நடிக்கவைத்து மீதிப் படத்தை முடித்திருந்தார்கள்.

திரையில் முரசு அதிர்ந்தது. யன்ஹீ குதித்தாள்.

“வெள்ளைப் பாவாடை கட்டியிருக்கா,” என்றார் சோங்கில். “குதிக்கறதுக்கு முன்னாடி என்னைத் திரும்பிப் பாத்தா.”

மல்சூன் அவர் பக்கம் திரும்பினாள். “அண்ணே! கண்ணு தெரியுதா?”

அவர் தலையாட்டினார். அவள் அவர் கையைப் பிடித்துக்கொண்டு படம் முடியும்வரை அழுதாள். கடைசியில் திரையில் கடல்மேல் ஒரு பெரிய தாமரை விரிந்து, உள்ளிருந்து கதையின் மகள் உயிரோடு எழுந்தாள். அரங்கமே கைதட்டியது.

“பாருண்ணே, பொண்ணு வந்துட்டா.”

“எனக்குத் தண்ணிதான் தெரியுது மல்சூன். அவ இன்னும் கீழ போய்ட்டே இருக்கா. என்னையே பாக்குறா.”

அவர் இரண்டு கைகளாலும் கண்களைப் பொத்திக்கொண்டார்.

“இப்பவும் தெரியுது,” என்றார்.